கொடியேற்றத்துக்கு ஒன்பது நாள் இருக்க வந்த மின்னஞ்சல்

கடந்த வருடம் நல்லூர்க் கொடியேற்றத்துக்கு ஒன்பது நாள் இருக்கும்போது எனக்கு ஒரு மின்னஞ்சல் வந்தது. அதை நம்பியதால் 344,500 ரூபாய் போனது. காசைவிட, என்னை நம்பி அறை பதிந்த மூன்று குடும்பங்கள் ஏமாற்றப்பட்டதுதான் இன்றைக்கும் மனதை அறுக்கிறது. யாராவது ஒருவர் முன்கூட்டியே இரண்டு வரி சொல்லியிருந்தால் தப்பியிருப்பேன். அதனால் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். யாழ்ப்பாணத்தில் இரண்டு அறையை வாடகைக்கு விடுபவர்கூட ஒருமுறை முழுவதும் வாசியுங்கள்.

நல்லூர்க் கந்தசுவாமி கோயிலுக்கு நடந்து போகும் தூரத்தில் எங்களுடைய விருந்தினர் விடுதி இருக்கிறது. நாலு அறை. வீடு கனடாவில் இருக்கும் அண்ணாவுடையது. அவர் சும்மா பூட்டிக் கிடக்க வேண்டாம் என்று சொல்ல, 2017இல் நானும் கணவரும் தொடங்கினோம். 2019 ஏப்ரல் 21 குண்டுவெடிப்பு, அடுத்த வருடம் கொரோனா, 2022இல் பெற்றோல் வரிசையும் கறண்ட் வெட்டும் என்று எல்லாவற்றையும் எப்படியோ தாண்டினோம். 2022 டிசம்பரில் பலாலி விமான நிலையத்துக்குச் சென்னை விமானம் திரும்ப வரத் தொடங்கியது, பிறகு நாகப்பட்டினத்தில் இருந்து காங்கேசன்துறைக்குக் கப்பலும் வந்தது. வெளிநாட்டில் இருக்கும் எங்கள் ஆட்களும், தெற்கில் இருந்து நயினாதீவுக்கு வருபவர்களும், இடைக்கிடை ஒரு பிரெஞ்சுக்காரரும் என்று அறைகள் நிரம்பத் தொடங்கின. ஆனால் வருடம் முழுவதற்குமான உழைப்பு எங்களுக்கு அந்த 25 நாள் திருவிழாவில்தான் இருக்கிறது. அதிலும் சப்பறம், தேர், தீர்த்தம் மூன்று நாளுக்கும் ஆறு மாதத்துக்கு முன்னரே அறை கேட்பார்கள்.

முன்பு முன்பதிவுகளைப் பார்த்துக்கொள்ள எங்கள் ஒழுங்கையில் இருந்த ஒரு தம்பி வருவான். கெட்டிக்காரன். 2022இல் அவனும் கட்டாருக்குப் போய்விட்டான். அந்த ஒரே வருடத்தில் இலங்கையில் இருந்து 3 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வெளிநாட்டு வேலைக்குப் போனார்கள்; அவன் அதில் ஒருவன். இப்போது அங்கே ஒரு ஹோட்டலில் வரவேற்பு மேசையில் நிற்கிறான். கொரோனாவில் வேலையை விட்டுப் போனவர்கள் பலர் திரும்பி வராததால் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும்கூட ஹோட்டல்காரர்கள் ஆள் இல்லை என்றுதான் சொல்கிறார்கள். எங்களைப் போன்ற சின்ன இடத்தில் ஒரு ஆள் போனால் அந்த வேலை வீட்டுக்காரியின் தலையில் விழும். காலை நாலரைக்கு எழும்பி இடியப்பம் பிழிந்து, சொதி வைத்து, பெட்சீற் மாற்றி, துவாய் தோய்த்துக் காயப்போட்டு, இரவு பத்து மணிக்குத்தான் நான் கணினிக்கு முன்னால் இருப்பேன். அந்த மின்னஞ்சல் வந்ததும் அப்படி ஒரு இரவு பத்து மணிக்குத்தான்.

ஆங்கிலத்தில், பணிவான மொழியில் எழுதியிருந்தது. "உங்கள் விடுதியில் போன வாரம் தங்கினோம். கட்டிலில் மூட்டைப்பூச்சி. என் மகளின் கை முழுவதும் தடித்துவிட்டது. முன்பதிவுத் தளத்தில் முறைப்பாடு போட்டிருக்கிறேன், படங்கள் கீழே இணைப்பில் உள்ளன. 24 மணித்தியாலத்துக்குள் பதில் தராவிட்டால் உங்கள் பக்கம் இடைநிறுத்தப்படும்." எனக்கு உடம்பு விறைத்தது. போன வாரம் உண்மையாகவே ஒரு வெள்ளைக்காரக் குடும்பம் சின்னப் பிள்ளையோடு வந்து போயிருந்தது. வேறு பெயராக இருக்கிறதே என்று ஒரு கணம் தோன்றியது. கணவனுடைய பெயராக இருக்கலாம் என்று நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

ஏன் அவ்வளவு பயந்தேன் என்று இந்தத் தொழிலில் இல்லாதவர்களுக்குச் சொல்ல வேண்டும். அந்தத் தளத்தில் எங்கள் புள்ளி அப்போது பத்துக்கு 9.1. எட்டு வருடம் இடியப்பம் பிழிந்து சேர்த்த புள்ளி அது. தேடுகிறவர்களின் கண்ணில் முதலில் படுவது அந்த எண்தான். ஒரு மோசமான கருத்து விழுந்தால், அதுவும் மூட்டைப்பூச்சி என்று விழுந்தால், நாலு அறை விடுதிக்கு அது சாவு. பெரிய ஹோட்டலுக்கு மாதம் நூறு கருத்து வரும், ஒன்று மூழ்கிப் போகும். எங்களுக்கு மாதம் ஏழு, எட்டு. இந்தப் பயத்தைத்தான் திருடர்கள் பிடித்துக்கொள்கிறார்கள். வந்த ஆளுக்கு முகம் கோணாமல் உடனே பதில் சொல்ல வேண்டும் என்பதுதான் விடுதி நடத்துபவர்கள் முதலில் பழகும் பழக்கம். அந்தப் பழக்கம்தான் எனக்குப் பொறியாக வந்தது.

இணைப்பை அழுத்தினேன். தளத்தின் அதே நிறம், அதே அடையாளம். நடுவில் "நான் ரோபோ அல்ல" என்ற கட்டம். அதில் சரி போட்டதும், உறுதிப்படுத்த மூன்று படி செய்யுங்கள் என்று வந்தது. விண்டோஸ் அடையாளம் போட்ட விசையையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்துங்கள்; பிறகு கண்ட்ரோல், வி; பிறகு என்டர். பாடசாலைப் பிள்ளை மாதிரி அப்படியே செய்தேன். ஒரு கறுப்புக் கட்டம் மின்னி மறைந்தது. படம் ஒன்றும் வரவில்லை. "மன்னிக்கவும், படங்கள் திறக்கவில்லை, திரும்ப அனுப்புவீர்களா" என்று அந்த ஆளுக்குப் பதிலும் எழுதிவிட்டுப் போய்ப் படுத்தேன்.

இந்த இடத்தில் நிறுத்தி ஒன்று சொல்கிறேன். உண்மையான "ரோபோ அல்ல" சோதனை ஒரு சரி போடச் சொல்லும், அல்லது படங்களில் பேருந்தையோ சைக்கிளையோ காட்டச் சொல்லும். விசைப்பலகையில் எதையாவது ஒட்டி என்டர் தட்டச் சொன்னால் அது நூற்றுக்கு நூறு திருட்டு. சரி போடும்போதே ஒரு கட்டளை உங்களுக்குத் தெரியாமல் பிரதியெடுக்கப்பட்டுவிடும். ஒட்டி என்டர் தட்டினால் உங்கள் கையாலேயே அதை இயக்கி விடுகிறீர்கள். 2024 டிசம்பரில் இருந்து ஒரு பெரிய முன்பதிவுத் தளத்தின் பெயரில் உலகம் முழுவதும் ஹோட்டல்காரர்களுக்கு இதே முறையில் மின்னஞ்சல் வருகிறது என்று மைக்ரோசொஃப்ட் 2025 மார்ச்சிலேயே விரிவாக வெளியிட்டிருக்கிறது. தென்கிழக்கு ஆசியாவும் தெற்காசியாவும் அதில் இருந்தன. அது எனக்குத் தெரிய வந்தபோது எல்லாம் முடிந்திருந்தது.

இரண்டு நாள் ஒன்றும் நடக்கவில்லை. மூன்றாம் நாள் காலை, ஜெர்மனியில் இருந்து தேருக்கு வர இருந்த குடும்பத்தின் தாய் வாட்ஸ்அப்பில் அழைத்தார். "அக்கா, ஏன் திரும்பவும் கார்ட் நம்பர் கேக்கிறியள்? நாங்கள் நேற்றே கட்டிட்டமே?" எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. எங்களிடம் வருபவர்கள் வந்து இறங்கிய பிறகுதான் கையில் காசு தருவார்கள். அவர் தனக்கு வந்த செய்தியைப் படம் எடுத்து அனுப்பினார். அது மின்னஞ்சல்கூட இல்லை. தளத்துக்கு உள்ளே, நானும் அவரும் போன மாதம் காலைச் சாப்பாடு பற்றிக் கதைத்த அதே உரையாடலுக்குக் கீழே, என் விடுதியின் பெயரில் வந்திருந்தது. முன்பதிவு இலக்கம் சரி, திகதி சரி, தொகை சரி. "12 மணித்தியாலத்துக்குள் கார்டை உறுதிப்படுத்தாவிட்டால் உங்கள் அறை ரத்தாகும்." திருவிழா நேரத்தில் நல்லூரில் அறை போய்விடும் என்றால் யார்தான் கட்டமாட்டார்கள்? 312 யூரோ கட்டியிருந்தார்கள். லண்டனில் ஒரு பெண் 280 பவுண்ட். கொழும்பில் ஒரு வயதான தம்பதி 38,000 ரூபாய்.

அன்று பகல் முழுவதும் நான் கணவருக்குச் சொல்லவில்லை. வெட்கம். படித்த பெண், எட்டு வருடம் தொழில் செய்தவள், இதுகூடத் தெரியவில்லையா என்று கேட்பார் என்ற பயம். அந்த ஒரு பகல்தான் மிகப் பெரிய நட்டம் என்று இப்போது நினைக்கிறேன். லண்டன் பெண் கொழும்புத் தம்பதியைவிடக் கெட்டிக்காரி என்றில்லை; அவர் கட்டிய ஒரு மணித்தியாலத்துக்குள் சந்தேகப்பட்டு வங்கிக்கு அழைத்தார், அது கடன் அட்டை, காசு திரும்பக் கிடைத்தது. கொழும்புக்காரர் டெபிட் கார்டில் கட்டியிருந்தார், அவருக்கு நான் மாலையில்தான் சொன்னேன், காசு வரவில்லை. ஜெர்மனிக்காரர் வங்கிச் செயலியில் தாங்களே அனுமதி கொடுத்ததால் அவர்களுடைய வங்கி கையை விரித்துவிட்டது. உங்களுக்கு இப்படி நடந்தால், முதலில் விருந்தினரைத்தான் அழையுங்கள். "வங்கிக்கு உடனே சொல்லி கார்டை நிறுத்துங்கோ" என்ற ஒரு வசனம் போதும். தளத்துக்கும் பொலிசுக்கும் சொல்வது அதற்குப் பிறகு.

தளத்தின் உதவி எண்ணில் 47 நிமிடம் பாட்டுக் கேட்டேன். எடுத்தவர் மரியாதையாகத்தான் பேசினார். பாதுகாப்புக்காக உங்கள் கணக்கை உடனே பூட்டுகிறோம் என்றார். நானும் நன்றி சொன்னேன். போனை வைத்துவிட்டுப் பார்த்தால், யார் யார் எந்த நாள் வருகிறார்கள் என்ற பட்டியலும் அந்தக் கணக்கோடு சேர்ந்து பூட்டப்பட்டுவிட்டது.

திருவிழாவுக்கு 14 முன்பதிவு இருந்தது. வந்து தங்குபவர்களின் கடவுச்சீட்டு இலக்கம் எழுதும் பதிவேடு எங்களிடம் உண்டு. வரப்போகிறவர்களின் பெயரை நான் ஒரு கொப்பியில்கூட எழுதி வைத்திருக்கவில்லை. எல்லாம் திரையில் இருக்கிறதே என்று விட்டுவிட்டேன். வாட்ஸ்அப்பில் கதைத்த ஐந்து பேரின் எண் மட்டும் என்னிடம் இருந்தது. மற்ற ஒன்பது பேரை எச்சரிக்கவும் வழியில்லை. கணக்குத் திறக்க 11 நாள் எடுத்தது. திருவிழா தொடங்கி நாலாம் நாள்வரை, கேற்றுக்கு வெளியே ஓட்டோச் சத்தம் கேட்டால் யார் வருகிறார்கள் என்று தெரியாமல் ஓடிப்போய்ப் பார்ப்பேன். ஒருநாள் ஒரே அறைக்கு இரண்டு குடும்பம். நினைவில் இருந்ததை வைத்து ஒருவருக்குக் கொடுத்திருந்தேன், மற்றவரும் வந்து நின்றார். பயணப் பெட்டியின் மேலே தலையை வைத்தபடி அவர்களுடைய சின்ன மகள் நித்திரை. இரவு பஸ்ஸில் வந்த களைப்பு. தகப்பன் ஒரு வார்த்தை கோபமாகப் பேசவில்லை. முன்பதிவைக் காட்டிய போனைக் கையில் பிடித்தபடியே நின்றார். அவர் ஏசியிருந்தால் எனக்கு இலகுவாக இருந்திருக்கும். பின்வீட்டு அக்காவின் அறை ஒன்றைக் கேட்டு வாங்கிக் கொடுத்தேன்.

அதனால் எனக்குத் தெரிந்த மிகப் பெரிய பாடம் கணினி சம்பந்தப்பட்டதே இல்லை. ஒரு முன்பதிவு வந்த உடனேயே பெயர், வரும் நாள், போகும் நாள், எத்தனை பேர், தொலைபேசி எண் ஐந்தையும் கொப்பியில் எழுதுங்கள். தளம் எண்ணைக் காட்டாவிட்டால், "எத்தனை மணிக்கு வருவீர்கள், ஸ்ரேஷனில் இருந்து ஓட்டோ வேண்டுமா" என்று கேட்டு அவர்களிடம் வாங்குங்கள். 80 ரூபாய்க் கொப்பி ஒன்று என்னிடம் இருந்திருந்தால் இந்தக் கதையின் பாதி நடந்திருக்காது.

மடிக்கணினியை நகரத்தில் திருத்தும் தம்பியிடம் கொண்டுபோனேன். பார்த்துவிட்டு, "அன்ரி, கடவுச்சொல்லை மாத்தினால் மட்டும் காணாது" என்றான். பிறௌசரில் சேமித்து வைத்த கடவுச்சொற்கள் எல்லாவற்றையும், அன்று நான் ஒட்டி இயக்கிய கட்டளையால் வந்த திருட்டு நிரல் அள்ளிக்கொண்டு போயிருந்தது. அதோடு, ஏற்கனவே உள்நுழைந்திருக்கிறோம் என்பதற்கான அடையாளக் கோப்பையும் எடுத்துவிடும். அதனால் போனுக்கு இரகசிய எண் வரும்படி வைத்திருந்தாலும் பயனில்லை. திருடன் புதிதாகக் கதவைத் தட்டுவதில்லை, நாங்கள் திறந்து வைத்த கதவாலேயே உள்ளே இருப்பான். அவன் சொன்ன ஒழுங்கு இது: முதலில் கணினியை இணையத்தில் இருந்து கழற்ற வேண்டும், வேறு ஒரு சுத்தமான போனில் இருந்து "எல்லாக் கருவிகளிலும் வெளியேறு" என்பதை அழுத்த வேண்டும், பிறகுதான் கடவுச்சொல் மாற்ற வேண்டும், முன்பதிவுத் தளத்துக்கு மட்டுமல்ல, மின்னஞ்சலுக்கும் வங்கிக்கும் முகநூலுக்கும். அதற்குப் பிறகு கணினியை முழுவதும் அழித்துப் புதிதாக ஏற்ற வேண்டும். அதற்கு 8,500 ரூபாய் எடுத்தான். அதே மடிக்கணினியில் மகன் எங்கிருந்தோ இறக்கிய விளையாட்டுகளும் இருந்தன. இப்போது முன்பதிவுக்கு என்று ஒரு பழைய போன் தனியாக இருக்கிறது. அதில் வேறு ஒன்றும் இல்லை, மகனுக்கும் தொட அனுமதி இல்லை.

பொலிசில் முறைப்பாடு எழுதினேன், இணையப் பாதுகாப்பைப் பார்க்கும் அரச அமைப்பான சிறிலங்கா சேர்ட்டுக்கும் அறிவித்தேன். 2007ஆம் ஆண்டின் கணினிக் குற்றங்கள் சட்டம் இருக்கிறது, ஆனால் திருடன் எந்த நாட்டில் இருக்கிறான் என்பதே தெரியாது. இருந்தாலும் எழுதுங்கள். அந்த முறைப்பாட்டுப் பிரதியை அனுப்பிய பிறகுதான் தளத்தில் என் விடயம் அசையத் தொடங்கியது.

கணக்கைச் சொல்கிறேன். ஆறு முன்பதிவு ரத்தாகி 23 அறை-இரவு போனது, இரவுக்கு 12,000 என்றால் 276,000. ஜெர்மனிக் குடும்பத்துக்கு மூன்று இரவு காசு வாங்கவில்லை, 36,000. கொழும்புத் தம்பதிக்கு இரண்டு இரவு, 24,000. கணினிக்கு 8,500. பூட்டியிருந்த 11 நாளில் வந்திருக்கக்கூடிய புது முன்பதிவுகளை நான் கணக்கில் சேர்க்கவே இல்லை. புள்ளி 9.1இல் இருந்து 8.6க்கு இறங்கியது. "விடுதிக்காரர் என் கார்டைத் திருடினார்" என்று ஒருவர் எழுதிய கருத்தை எடுக்கச் சொல்லி நாலு தடவை எழுதியும் அது இன்னும் அங்கேயே இருக்கிறது. அதை வாசிக்கும்போதெல்லாம் வயிற்றில் ஏதோ செய்யும்.

காசு திருப்பிக் கொடுக்க வேண்டியதில்லையே, உங்கள் பிழை இல்லையே என்று பலர் சொன்னார்கள். என் பெயரில் போன செய்தியை நம்பித்தான் அவர்கள் கட்டினார்கள். எனக்கு வேறு மாதிரி யோசிக்க வரவில்லை.

பெரிய இடங்களுக்கும் இதுதான் நடக்கிறது. 2023 செப்டம்பரில் லாஸ் வேகஸ் எம்ஜிஎம் ஹோட்டல்களில் அறைச் சாவி வேலை செய்யவில்லை, சூதாட்ட இயந்திரங்கள் நின்றன. நிறுவனமே சுமார் 100 மில்லியன் டொலர் பாதிப்பு என்று சொன்னது. ஊழியர் போல நடித்து உதவி மேசைக்கு ஒரு தொலைபேசி அழைப்பு, அதில் தொடங்கியது என்றுதான் செய்திகள் வந்தன. அங்கேயும் உதவி செய்யப் பழகிய ஒருவர்தான் ஏமாந்திருக்கிறார். அதை வாசித்தபோது எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது.

இப்போது எப்படி நடத்துகிறேன் என்றும் சொல்ல வேண்டும். தளத்தை விடவில்லை, விடவும் முடியாது. மார்ச்சில் ஒரு பிரெஞ்சுக்காரருக்கு எங்கள் ஒழுங்கையை வேறு யார் காட்டுவார்கள்? ஆனால் 12,000 ரூபாய் அறையில் 15 வீதம், 1,800 ரூபாய் கொமிஷன் போகிறது. ஒருமுறை வந்தவர் இரண்டாம் முறையும் அந்த வழியால் வரத் தேவையில்லை. ஹில்டன் போன்ற பெரிய நிறுவனமே 2016இல் நேரடியாகப் பதியும் உறுப்பினர்களுக்கு விலை குறைத்து ஆட்களை இழுக்கத் தொடங்கியது. நாங்கள் வெளிக்கிடும் விருந்தினர் கையில் பனங்கட்டிப் பொதியோடு வாட்ஸ்அப் எண் எழுதிய ஒரு அட்டை கொடுக்கிறோம், அவ்வளவுதான். இந்த வருடத் திருவிழாவுக்குப் பாதிக்கு மேல் நேரடியாக வந்துவிட்டது. நேரடியாகப் பதிபவர்களும் இப்போது பயப்படுகிறார்கள், அது நியாயம். அதனால் முன்பணம் ஒரு இரவுக்கு மட்டும், என் பெயரிலேயே இருக்கும் வங்கிக் கணக்குக்கு, அதுவும் வீடியோவில் அழைத்து என் முகத்தையும் வீட்டையும் பார்த்த பிறகு என்று வைத்திருக்கிறேன். பதிந்த அன்றே எல்லோருக்கும் எழுதுகிறேன்: "நாங்கள் ஒருபோதும் இணைப்பு அனுப்பிக் கார்ட் கேட்கமாட்டோம். அப்படி வந்தால் எங்களுக்கு அழையுங்கள்." முறைப்பாடு என்று மின்னஞ்சல் வந்தால் அதைத் தொடுவதில்லை, தளத்தின் செயலியைத் தனியாகத் திறந்து அங்கே ஏதாவது இருக்கிறதா என்று பார்ப்பேன். இரவு எட்டு மணிக்குப் பிறகு எந்த முறைப்பாட்டுக்கும் பதில் இல்லை. களைப்பில்தான் நான் விழுந்தேன்.

திருவிழா முடிந்து ஒரு மாதம் கழித்து, எங்கள் பக்கத்தில் விடுதி நடத்தும் மற்றவர்களிடம் மெல்ல வாயைத் திறந்தேன். இரண்டு பேருக்கு அதே மின்னஞ்சல் எனக்கு முதலே வந்திருக்கிறது. ஒருவர் அழித்துவிட்டார், மற்றவர் என்னைப் போலவே அகப்பட்டு, வெளியே சொல்லாமல் இருந்திருக்கிறார். போட்டிக்காரர் என்று அதுவரை நாங்கள் ஒருவரோடு ஒருவர் கதைத்ததே இல்லை. இப்போது 11 வீடுகள் சேர்ந்த ஒரு வாட்ஸ்அப் குழு இருக்கிறது. அறை மிஞ்சினாலும் காணாவிட்டாலும் அதில்தான் கேட்கிறோம்.

போன செவ்வாய் காலை பத்து மணிக்கு அப்படி ஒன்று திரும்பவும் வந்தது. இந்த முறை மூட்டைப்பூச்சி இல்லை, கழிவறையில் வழுக்கி விழுந்து கை முறிந்ததாம். படம் எடுத்துக் குழுவில் போட்டேன். கால் மணித்தியாலத்துக்குள் மூன்று பேர் "எனக்கும் வந்தது" என்று எழுதினார்கள். நாலாவதாக ஒரு அக்கா குரல் பதிவு போட்டார்: "பிள்ளை, நான் இப்பதான் அழுத்தப் போனனான்." அதைக் கேட்டுவிட்டு, பதினொரு மணிக்கு இறங்கவிருந்த ஆட்களின் பெயரைக் கொப்பியில் பார்த்து, ஓட்டோக்காரருக்கு அழைத்தேன்.